வேலிக்காத்தான்

ஆவடியிலிருந்து கோவில்பதாகைக்கு வரும் சாலையில் இன்று வீடுகள் தோளோடு தோள் உரசி நிற்கின்றன. எங்கள் தந்தையார் கனரக வாகனத் தொழிற்சாலையில் வேலை ஏற்று, 1972-ஆம் ஆண்டு எங்களை அழைத்துக்கொண்டு இவ்வூரில் குடியேறியபோது, சாலையின் இருமருங்கிலும் எங்களை எதிர்கொண்டு நின்றவை வேலிக்காத்தான் மரங்களே. ஏரிக்கரை, வாய்க்கால் ஓரம், மனை பிரித்துக் கல் நட்டும் எவரும் வீடு கட்டாத வெற்றிடம், கல்லறைத் தோட்டத்துச் சுவரோரம் என்று எங்கு நோக்கினும் அதே சாம்பல் பச்சை, அதே முள். தென் மாவட்டத்தார் இம்மரத்தைச் சீமைக் கருவேலம் என்பர். அப்பெயரில் இது அயலூரிலிருந்து வந்தது என்ற குறிப்பு ஒட்டிக்கொண்டே இருக்கிறது. எங்கள் பக்கத்து மக்களோ வேலிக்காத்தான் என்றனர். வேலியாய் நின்று காத்தவன் என்று பொருள். வந்த வழியைக் கேளாமல், செய்த வேலையைக் கொண்டு பெயரிட்டிருக்கிறார்கள்.

சிறுவர்களாகிய எங்களுக்கு அது காவலனாகத் தோன்றவில்லை. பள்ளிக்குச் செல்லும் மிதிவண்டியின் காற்றை வாரத்திற்கொரு முறையேனும் இறக்கிவிடும் பகைவனாகவே தோன்றிற்று. காலில் முள் தைத்தால் அன்று இரவு முழுவதும் குத்தல் ஓயாது. எங்கள் அன்னையார் ஊக்கின் முனையை விளக்குத் தீயில் காட்டி முள்ளைத் தோண்டுவார். முள் ஒடிந்து உள்ளே தங்கிவிட்டால் எருக்கம்பாலை வைத்துக் கட்டுவார். இரண்டொரு நாளில் முள் தானே மேலெழும்பி வரும். எங்கள் ஐவரில் இம்மருத்துவத்திற்கு ஆளாகாத பாதம் ஒன்றுமில்லை.

ஆயினும், அதே முள்மரத்தின் தணலில் வெந்த சோற்றைத்தான் நாங்கள் உண்டு வளர்ந்தோம் என்பதை அக்காலத்தில் எண்ணிப் பார்த்ததில்லை.

எங்கள் வீட்டில் மண்ணால் இட்ட கொடியடுப்பு ஒன்று இருந்தது. ஒரு வாயில் விறகு வைத்தால், பக்கத்துக் கொடியிலும் சூடு ஏறும். சோறு ஒன்றிலும் குழம்பு மற்றொன்றிலும் கொதிக்கும். சென்னை நகரத்து விறகுத் தொட்டிகளில் சவுக்கு கிடைக்கும். அதற்குக் காசு மிகுதி. எங்களைப் போன்ற தொழிலாளர் குடும்பங்களுக்கு வேலிக்காத்தானே கதி. அதன் விறகுக்கென்று சில குணங்கள் உண்டு. வெட்டி ஒரு வாரம் வெயிலில் கிடந்தால் போதும், எரியத் தொடங்கிவிடும். காய்ந்த கட்டையில் புகை குறைவு. எரிந்து முடிந்த பின்னரும் கங்கு நெடுநேரம் நிற்கும். அன்னையார் இரவில் அக்கங்கைச் சாம்பலால் மூடி வைப்பார். விடியற்காலையில் ஊதுகுழலால் நாலு ஊது ஊதினால் மீண்டும் சிவக்கும். தீப்பெட்டிச் செலவு மிச்சம். எஞ்சிய கரியைத் தண்ணீர் தெளித்து அணைத்துத் தனியே எடுத்து வைப்பார். அது குமுட்டி அடுப்புக்கும், ஞாயிறு திருப்பலிக்கு உடுத்தும் ஆடைகளைத் தேய்க்கும் இஸ்திரிப் பெட்டிக்கும் பயன்படும். சாம்பலோ பாத்திரம் துலக்கப் போகும். மரத்தில் வீணானது முள் ஒன்றுதான். அதையும் சுள்ளியோடு சேர்த்து அடுப்புப் பற்றவைத்தோம்.

கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு அதிரசம் சுடுவதற்கு மட்டும் தணலை அன்னையார் தம் கையாலேயே ஒழுங்கு செய்வார். தீ நாக்கு நீட்டினால் அதிரசம் மேலே கருகி உள்ளே மாவாக நிற்கும் என்பார். கட்டைகளை வெளியே இழுத்துவிட்டு, கங்கை மட்டும் பரப்பி, எண்ணெயில் ஒரு சிட்டிகை மாவைப் போட்டுப் பார்த்து, அது பதறாமல் மெல்ல மேலெழுந்தால்தான் முதல் அதிரசம் விழும். பின்னாளில் எங்கள் வீட்டுக்கு எரிவாயு வந்தது. 1986-ஆம் ஆண்டு என்று நினைவு. அவ்வாண்டு அதிரசமும் நன்றாகவே வந்தது என்பதைச் சொல்லிவிட வேண்டும். பழையவற்றைப் போற்றுவோர் எல்லாரும் விறகடுப்புச் சுவையைப் பற்றிப் பேசுவர். அவ்வடுப்பின் முன் அமர்ந்து கண் சிவந்த பெண்கள் அவ்வாறு பேசக் கேட்டதில்லை. எங்கள் அன்னையார் எரிவாயு உருளைக்கு மஞ்சள் பூசிப் பொட்டிட்டு வரவேற்கவில்லையே தவிர, அவருக்கு அன்று இருந்த மகிழ்ச்சி அத்தகையது.

விறகு கொண்டுவந்தவர் ஓர் ஆயா. ஏரிக்கரையில் வெட்டிய சுள்ளிகளைக் கட்டாகக் கட்டி, சும்மாடு வைத்துத் தலையில் ஏற்றிக்கொண்டு, வாரம் இருமுறை எங்கள் வாசலில் இறக்குவார். கையெல்லாம் முள் கீறிய கோடுகள். ஒரு கட்டு ஒன்றேகால் ரூபாய் என்பார். அன்னையார் ஒரு ரூபாய்க்குக் கேட்பார். “முள்ளுல கைய வுட்டு எடுத்தாந்தது கண்ணு, கால் ரூபாய்க்கு இன்னா நாயம் பேசுற?” என்பார் ஆயா. முடிவில் ஒரு ரூபாயும் ஒரு குவளை நீராகாரமும் என்று தீரும். எரிவாயு வந்தபின் இனி விறகு வேண்டாம் என்று அவரிடம் சொல்லும் பொறுப்பு எங்கள் மேல் விழுந்தது. சொன்னோம். அவர் தலையாட்டிவிட்டுப் போனார். ஆனால் அடுத்த வாரமும் வந்து வாசலில் கட்டை இறக்கினார். பழக்கத்தில் வந்தாரா, எங்கள் மனம் மாறியிருக்கும் என்று எண்ணி வந்தாரா, நாங்கள் கேட்கவில்லை.

தவக்காலத்தில் இம்மரத்திற்கு வேறொரு பணியும் இருந்தது. புனித வெள்ளியன்று பாடுகளின் காட்சி நடத்தும் இளைஞர்கள், ஆண்டவராக நடிப்பவருக்கு முள்முடி பின்ன ஏரிக்கரைக்கே செல்வர். இளங்கொம்பாக வெட்டி, உட்புறம் வரும் முட்களை மட்டும் கத்தியால் சீவி, வளையமாக வளைப்பர். ஓராண்டு சீவ மறந்த முள் ஒன்று நடித்தவரின் நெற்றியைக் கிழித்துவிட்டது. வழிந்தது சிவப்புச் சாயம் என்றே கூட்டத்தினர் எண்ணினர். அவர் இறுதிவரை கையால் துடைக்கவில்லை. அன்று நண்பகலில் ஊருக்கெல்லாம் காய்ச்சிய கஞ்சியும் இதே விறகில்தான் வெந்தது.

இம்மரம் இங்கு வந்த கதையை ஊரில் பலவாறாகச் சொல்வர். காமராசர் ஆட்சியில் வானூர்தியிலிருந்து விதை தூவினார்கள் என்பது எங்கள் பகுதியில் வேரூன்றிய கதை. 1955-ஆம் ஆண்டு ஆவடியில் காங்கிரஸ் மாநாடு நடந்ததாலோ என்னவோ, எங்களூரில் நல்லதும் கெட்டதும் எல்லாம் அவர் கணக்கில் ஏறிவிடுகின்றன. உண்மை அதற்கும் எண்பது ஆண்டு மூத்தது. சென்னை மாகாணத்து வடபகுதியின் வனக் காப்பாளராக இருந்த பெடோம் என்ற ஆங்கிலேயர், தென்னாட்டுப் பெரணிச் செடிகளைப் பற்றி நூல்கள் எழுதியவர், 1876-ஆம் ஆண்டு இம்மரத்தின் விதைகளை வரவழைத்துத் தருமாறு வருவாய்த் துறைக்குக் கடிதம் எழுதினார். மறு ஆண்டு, அப்போது நம் மாகாணத்தில் இருந்த கடப்பைப் பகுதியில் அவை ஊன்றப்பட்டன. தாது வருடப் பஞ்சத்தில் மக்கள் மடிந்துகொண்டிருந்த ஆண்டுகள் அவை. வறண்ட நிலத்தில் தானே வளர்ந்து, விறகும் கால்நடைக்குத் தீனியும் தரும் மரமொன்றை அன்று ஒருவர் நாடியதில் வியப்பில்லை.

மரத்தின் தாயகம் மெக்சிகோ முதலாகத் தென் அமெரிக்காவின் வடபகுதி வரையுள்ள நாடுகளும் கரிபியன் தீவுகளுமாகும். அங்கே இதற்கும் இதன் உடன்பிறப்புகளுக்கும் ‘மெஸ்கீட்’ என்று பெயர். அசுட்டெக் மக்களின் மொழியிலிருந்து வந்த சொல் அது. ஸ்பானியர் அங்கே சென்று இதன் காய்களைக் கண்டபோது, தங்கள் நாட்டுக் கரோப் மரம் நினைவுக்கு வர, அதே பெயரை இதற்கும் இட்டு ‘அல்கரோபோ’ என்றனர். கரோப் மரத்தை நாம் கண்டிராவிட்டாலும் அதன் காயை நற்செய்தியில் சந்தித்திருக்கிறோம். காணாமற்போன மகன், பன்றிகள் தின்ற நெற்றுகளால் வயிற்றை நிரப்ப விரும்பினானே, அந்நெற்று கரோப் காய் என்பதே அறிஞர் கருத்து. திருமுழுக்கு யோவான் பாலைநிலத்தில் உண்டதும் வெட்டுக்கிளி அன்று, இக்காயே என்று கருதியோர் இருந்தமையால், ஐரோப்பியர் அதற்கு யோவானின் அப்பம் என்றும் பெயரிட்டனர்.

அமெரிக்க நாடுகளின் மக்களுக்கோ மெஸ்கீட் காய் பன்றித் தீனியன்று, உணவு. சோனோரா பாலையின் பழங்குடியினர் முற்றிய நெற்றுகளை உரலில் இடித்து மாவாக்கிச் சேமித்தனர். அர்ஜென்டினாவில் அம்மாவைக் கட்டியாக்கி ‘பத்தாய்’ என்ற அப்பம் செய்வர். பெரு நாட்டின் வடபகுதியில் காயை வேகவைத்துப் பிழிந்த சாற்றை, நம்மவர் கருப்பஞ்சாற்றைக் காய்ச்சுவது போல் காய்ச்சி, கருநிறப் பாகாக்கிப் பாலில் கலந்து அருந்துவர். இராஜஸ்தானத்தில் நம் வன்னி மரத்தின் பிஞ்சுக் காய்களை உலர்த்தி வைத்து, எண்ணெயில் வதக்கிக் கறி சமைப்பர். 1730-ஆம் ஆண்டு அம்மரங்களை வெட்ட வந்த அரச ஆட்களைத் தடுத்து 363 பேர் உயிர் கொடுத்ததாக அங்கு நினைவுகூர்கின்றனர். நெடுங்காலம் வன்னியும் வேலிக்காத்தானும் ஒரே பேரினத்தில் வைத்து எண்ணப்பட்டவை. 2022-ஆம் ஆண்டு தாவரவியலார் அக்குடும்பத்தைப் பாகம் பிரித்து, அமெரிக்க மரங்களுக்கு வேறு பெயர் கொடுத்துவிட்டனர். கோவிலில் வழிபடப்படும் வன்னிக்கும் சாலையோரத்து முள்ளுக்கும் இனி அவ்வுறவுமில்லை.

இம்மரத்தின் பயணத்தில் நமக்கு நெருக்கமான செய்தி ஒன்றுண்டு. ஹவாய்த் தீவுகளுக்கு முதன்முதலில் சென்ற கத்தோலிக்க மறைப்பணியாளருள் ஒருவரான அருள்தந்தை அலெக்சிஸ் பாசெலோ, 1827-ஆம் ஆண்டு ஹோனலூலுவில் இறங்கினார். மறு ஆண்டு, பாரிஸ் நகரத்து அரச தோட்டத்திலிருந்து வந்த விதையொன்றை ஆலய வளாகத்தில் ஊன்றினார். வேலிக்காத்தானின் நெருங்கிய உறவான மரம் அது. அவரை அத்தீவின் ஆட்சியாளர் 1831-இல் கப்பலேற்றி வெளியேற்றினர். 1837-இல் திரும்பி வந்தவருக்கு அங்கே தங்க அனுமதி கிடைக்காமல், அவ்வாண்டின் இறுதியில் கடற்பயணத்திலேயே உயிர் நீத்தார். மரமோ நிலைத்தது. அதன் வழித்தோன்றல்கள் தீவுகளெங்கும் பரவி நிழலும் விறகும் தேனும் கொடுத்தன. வெறுங்காலோடு நடந்த தீவு மக்களைச் செருப்பு அணியச் செய்வதற்காகவே மறைப்பணியாளர் முள்மரத்தைக் கொண்டுவந்தனர் என்று அங்கே வேடிக்கையாகச் சொல்வதுண்டாம். எருக்கம்பாலை அறிந்த பாதங்களுக்கு அவ்வேடிக்கை உடனே விளங்கும்.

இப்போது 2017-ஆம் ஆண்டுக்கு வருவோம். இக்கட்டுரையை எழுதத் தூண்டியது அவ்வாண்டுதான்.

அதன் தொடக்கத்தில், சீமைக் கருவேல மரங்களை அகற்றவேண்டும் என்று சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை ஆணையிட்டது. நிலத்தடி நீரை உறிஞ்சுகிறது, காற்றின் ஈரத்தையும் குடித்துவிடுகிறது, அருகில் வேறொன்றை வளரவிடாது என்று எங்கும் பேச்சு. இவற்றுள் காற்றின் ஈரத்தைக் குடிக்கும் என்பதற்குச் சான்று இல்லை. பிறவற்றில் உண்மை உண்டு. இம்மரம் ஆழ வேரோடி நீரை எடுக்கும். ஆடு தின்ற விதை புழுக்கையோடு விழுந்த இடமெல்லாம் முளைக்கும். புல்வெளியை மூடி மேய்ச்சலைக் கெடுக்கும். கென்யா நாட்டின் பரிங்கோ பகுதி மக்கள், இனிப்புக் காயைத் தின்று தின்று பல் விழுந்துபோன ஆட்டையே சாட்சியாக நீதிமன்றத்திற்குக் கொண்டுசென்றனர். அமெரிக்காவில் அரிசோனா மாநிலத்துச் சுரங்கம் ஒன்றில் இவ்வினத்து மரத்தின் வேர் 53 மீட்டர் ஆழத்தில் காணப்பட்டது. கேட்டவுடன் நாங்களும் அஞ்சினோம். பிறகு கணக்கிட்டுப் பார்த்தோம். அது சுமார் 175 அடி. எங்கள் வீட்டு ஆழ்துளைக் கிணறு 240 அடி.

நீதித் தலைவர்கள் நூலில் யோத்தாம் சொன்ன உவமை அந்நாட்களில் அடிக்கடி நினைவுக்கு வந்தது. தங்களுக்கு அரசன் வேண்டுமென்று மரங்கள் ஒலிவத்தையும் அத்தியையும் திராட்சையையும் அழைக்க, ஒவ்வொன்றும் தன் பணியைவிட்டு வர மறுக்க, கடைசியில் முட்புதர் அரியணை ஏறிய கதை. நாங்கள் அதில் எப்போதும் முட்புதரின் செருக்கையே கண்டு வந்தோம். காலியாகக் கிடந்த இடத்திற்கு அழைக்கப்பட்டுத்தான் அது வந்தது என்பதைக் கவனித்ததில்லை.

வீட்டை அடுத்து எங்களுக்கு ஏழு சென்ட் மனை ஒன்றிருந்தது. இருபது ஆண்டுகளாக எட்டிப் பாராமல் விட்டதில் வேலிக்காத்தான் அடர்ந்து, பாம்பு வருகிறது என்று அண்டை வீட்டார் குறைப்பட்டுக்கொண்டிருந்தனர். நீதிமன்ற ஆணையைச் செய்தித்தாளில் படித்ததும், இதுவே தக்க தருணம் என்று தோன்றிற்று. பொக்லைன் வைத்து வேரோடு பிடுங்க விலை கேட்டோம், மலைத்தோம். அப்போது விறகு வாங்கும் மேஸ்திரி ஒருவர் வந்தார். மரத்தை அவரே வெட்டிக்கொள்வார். நாங்கள் ஒரு காசு தரவேண்டாம். அவரே எங்களுக்கு நாலாயிரம் ரூபாய் தருவார் என்றார். முள்ளுக்கும் விலை கிடைக்கிறதே என்று மகிழ்ந்து ஒப்புக்கொண்டோம்.

மறுநாள் மாலை ஒரு சிறு சரக்கு வண்டியில் ஒரு குடும்பம் வந்திறங்கியது. கணவன், மனைவி, கணவனின் தாய், எட்டு வயதுச் சிறுமி, அவளுக்கு இளையவன் ஒருவன். இருளர் மக்கள். மனையின் மூலையில் தார்ப்பாயை இழுத்துக் கட்டிக்கொண்டு அங்கேயே தங்கினர். பொழுது புலருமுன் வெட்டத் தொடங்குவர். கணவன் அரிவாளால் முட்கிளைகளைக் கழித்துத் தள்ள, மனைவி கோடரியால் அடிமரத்தைத் துண்டுபோடுவார். முதியவர் கட்டைகளை அளவு பார்த்து அடுக்குவார். சிறுவர் இருவரும் சுள்ளி பொறுக்குவர். கையுறையோ செருப்போ எவருக்கும் இல்லை. எங்கள் குழாயில் நீர் பிடித்துக்கொள்ளச் சொன்னோம். ஞாயிற்றுக்கிழமை குழம்பு கொடுத்தோம். அந்த அளவில் எங்கள் மனச்சான்று நிறைவாகவே இருந்தது.

சிறுமி பள்ளிக்குப் போகவில்லையா என்று கேட்டபோது அவள் பதில் கூறாமல் சிரித்தாள். பிறகு தன் பாவாடை மடியிலிருந்து மஞ்சளாய்ப் பழுத்த வேலிக்காத்தான் நெற்று ஒன்றை எடுத்து நீட்டினாள். “கட்ச்சிப் பாருங்க, இனிக்கும்” என்றாள். நாற்பத்தைந்து ஆண்டுகள் இம்மரத்தின் நடுவே வாழ்ந்த நாங்கள் அதன் காயை வாயில் வைத்தது அதுவே முதல் முறை. ஓரம் நாராக இருந்தது. நடுவில் ஏதோ வெல்லத்தின் நினைவு போன்றதோர் இனிப்பு. பின்னால் சிறு துவர்ப்பு. பெருவிலும் அர்ஜென்டினாவிலும் அப்பமாகும் இக்காய் நம் சமையலில் ஏன் ஓர் இடமும் பெறவில்லை என்று அன்று வியந்தோம். ஆட்டுக்குப் போட்டதை மனிதர் தொடக்கூடாது என்ற எண்ணமாக இருக்கலாம். அல்லது, இதைத் தின்றவர்கள் யார் என்று நாம் பார்க்காமல் இருந்திருக்கலாம்.

பத்தாம் நாள் முதல் வண்டி வந்து கட்டைகளை ஏற்றிச் சென்றது. மண்டபங்களின் பிரியாணி அடுப்புக்கும் செங்கல் சூளைக்கும் போகும் என்றார் ஓட்டுநர். அன்று மாலை அந்தப் பெண் எங்கள் சமையலறைச் சன்னலோரம் வந்து நின்றார். நெடுநேரம் தயங்கிய பின் பேசினார்.

“யம்மா, லோடு எடை போட்ட சீட்டு மேஸ்திரிகிட்ட இருக்கும். எவ்ளோ டன்னுன்னு நீங்க ஒரு வாட்டி கேட்டுச் சொல்றீங்களா? நாங்க கேட்டா ஒண்ணரைன்னுதான் சொல்றாரு. எங்க வூட்டுக்காரரு அடுக்குனத பாத்தா ரெண்டுக்கு மேல வரும்ன்றாரு. அட்வான்ஸ் பணம் எப்பத்தான் கழியும்னு தெரியல.”

எவ்வளவு முன்பணம் என்று கேட்டோம். மாமனார் இருந்த காலத்தில் வாங்கியது என்றார். தொகை அவருக்குத் தெரியவில்லை.

கொத்தடிமை முறையை ஒழிக்கும் சட்டம் 1976-ஆம் ஆண்டிலேயே வந்துவிட்டது என்பது எங்களுக்குத் தெரியும். பள்ளிப் பாடத்தில் படித்திருக்கிறோம். அந்தப் பெண் சொல்வது எதைப் பற்றி என்பதும் விளங்காமற் போகவில்லை. எடைமேடைச் சீட்டைக் காட்டும்படி மேஸ்திரியிடம் கேட்பது அரிய செயலுமன்று. மனைக்கு உரியவர் கேட்டால் காட்டியே ஆகவேண்டும். ஆனால் பாதி மனை இன்னும் வெட்டப்படாமல் இருந்தது. நாலாயிரத்தில் இரண்டாயிரம் வரவேண்டியிருந்தது. “அது உங்களுக்கும் மேஸ்திரிக்கும் உள்ள கணக்கு அல்லவா? நடுவில் நாங்கள் எப்படிப் பேசுவது?” என்று சொன்னோம். கனிவாகவே சொன்னோம். அவர் “சரிம்மா” என்று சொல்லிவிட்டுத் தார்ப்பாய்க்குள் போனார். அன்று அவர்கள் மூட்டிய அடுப்பின் வெளிச்சம் எங்கள் சுவரில் ஆடியதைப் பார்த்துக்கொண்டே இரவு உணவை முடித்தோம்.

பத்தொன்பதாம் நாள் மனை வெறுமையாயிற்று. மேஸ்திரி மீதிப் பணத்தைக் கொடுத்தார். அக்குடும்பத்தை இரவோடு இரவாக வண்டியில் ஏற்றிச் சென்றதை நாங்கள் அறியவில்லை. காலையில் பார்த்தபோது தார்ப்பாய் இருந்த மூலையில் மூன்று கல்லும் சாம்பலும் மட்டும் கிடந்தன. குழாயடியில், எங்கள் பேத்திக்கென்று எண்ணியோ என்னவோ, பழுத்த நெற்றுகள் ஒரு கைப்பிடி வைக்கப்பட்டிருந்தன.

வழக்கு வேறு வழியில் சென்றது. அறிவியல் ஆய்வின்றி வெட்டலாகாது என்ற வாதத்தின் மேல் சென்னையிலுள்ள முதன்மை அமர்வு அதே 2017-இல் இடைக்காலத் தடை விதித்தது. அதன் பின்னரும் விசாரணை நீண்டது. 2022-ஆம் ஆண்டு அரசு, அயல்நாட்டுத் தாவரங்களை அகற்றி இயற்கையை மீட்பதற்கென ஒரு கொள்கையை வெளியிட்டது. இம்மரத்தை வெட்டவேண்டும் என்பாரும், தென் மாவட்டங்களில் முதுகுளத்தூர், கமுதிப் பக்கத்து மக்கள் இதன் கரி மூட்டத்தால் பிழைக்கின்றனரே என்பாரும் இன்றும் வாதிடுகின்றனர். இரு சாராரும் மரத்தைப் பற்றிப் பேசுவதில் பத்தில் ஒரு பங்கு, வெட்டுகிறவரைப் பற்றிப் பேசக் கேட்டதில்லை.

2019-ஆம் ஆண்டு சூலையில் ஒரு காலைப் பொழுது, செய்தித்தாளில் அப்படம் வந்தது. காஞ்சிபுரம், வேலூர் மாவட்டங்களின் மரவெட்டுக் களங்களிலிருந்து கொத்தடிமைகள் 42 பேரை அதிகாரிகள் மீட்டிருந்தனர். குழந்தைகளும் அவர்களுள் இருந்தனர். முதியவர் ஒருவர் அதிகாரியின் காலில் விழுந்து கும்பிடுகிறார். வாசகர் பலர் அதைக் கண்டிருப்பீர்கள். நாங்கள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, படத்தில் இருந்த பெண்களின் முகங்களை ஒவ்வொன்றாகத் தேடினோம். எங்கள் மனைக்கு வந்தவர்கள் அவர்களுள் இல்லை. இருந்திருந்தால் எங்களுக்கு எவ்வளவு ஆறுதலாக இருந்திருக்கும் என்று எண்ணியபோதுதான், ஓராண்டு அல்ல, இரண்டாண்டு கழித்து, அவர்களுடைய பெயர்களைக் கேட்டுக்கூட வைக்கவில்லை என்பது உறைத்தது. மேஸ்திரியின் கைபேசி எண் எங்கள் நாட்குறிப்பில் இருந்தது. அழைத்தோம். அந்த எண் வழக்கத்தில் இல்லை என்று பதிவுக் குரல் கூறிற்று. தெரிந்த வழக்குரைஞர் ஒருவரிடம் சொன்னோம். ஊர், பெயர், களம் ஏதேனும் ஒன்றாவது வேண்டும் என்றார். எங்களிடம் இருந்தது சிறுமிக்கு எட்டு வயது என்பது மட்டும்.

சென்ற ஆண்டு எங்கள் இல்லத் திருமணம் ஒன்றுக்குப் பிரியாணி சமைக்க விறகு வாங்கச் சென்றோம். கட்டைகள் மஞ்சள் வயிரத்தோடு வேலிக்காத்தானாகவே இருந்தன. எடைமேடைச் சீட்டு கொடுத்தனர்: 640 கிலோ. வெட்டியவர் யார், கூலி எப்படி என்று கேட்டோம். கடைக்காரர் எங்களை ஏற இறங்கப் பார்த்து, “விறகு நல்லா காஞ்சிருக்கு சார், அதுக்கு நான் பொறுப்பு” என்றார். மறுபடியும் கேட்டோம். திருத்தணிப் பக்கத்திலிருந்து வருகிறது என்றார். களத்தின் பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டோம். அடுத்த வாரம் போய்ப் பார்த்தோம். அங்கே அவர்கள் இல்லை. வேறு மூன்று குடும்பங்கள் இருந்தன. முன்பணம் உண்டா என்று கேட்டதற்கு எவரும் வாய் திறக்கவில்லை. பெயர்களையும் பிள்ளைகளின் வயதையும் மட்டும் சொன்னார்கள். அவற்றை எழுதி வருவாய்க் கோட்டாட்சியர் அலுவலகத்தில் மனுவாகக் கொடுத்துவிட்டு வந்திருக்கிறோம். ஒப்புகைச் சீட்டு எங்களிடம் இருக்கிறது.

மனையில் வேரைப் பிடுங்காமல் மேலே மட்டும் வெட்டியதால், அடிக்கட்டைகள் எல்லாம் அம்மழைக்காலத்திலேயே துளிர்த்துவிட்டன. இப்போது ஆள் உயரத்திற்கு மேல் நிற்கின்றன. பங்குனியில் காய் பிடித்திருக்கிறது. பக்கத்துத் தெரு ஆடுகள் இரண்டு, முன்னங்கால்களைத் தூக்கிக் கிளையில் வைத்துக்கொண்டு தின்றுகொண்டிருக்கின்றன.